முத்திரையா? முறையா?

“மண்டு!” “மக்கு!” “மரமண்டை!” “உனக்குப் படிப்பு ஏறாது, மாடு மேய்க்கப் போ!”

பள்ளிக்கூடத்துப் படியை மிதித்தவருள், இந்தச் சொற்களில் ஒன்றையேனும் கேளாமல் வெளியே வந்தவர் எத்தனை பேர்? வீட்டில் இருக்கும் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள், சிரித்துக்கொண்டே சொல்வார்கள். அந்தச் சிரிப்புக்கு அடியில் ஆறாத வடு ஒன்று இருக்கும்.

2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் பிரம்பை ஒடித்தது. பிள்ளையின் உடலை மட்டுமன்றி உள்ளத்தையும் வதைக்கலாகாது என்றது. வரவேற்றோம். வசைச் சொற்கள் வகுப்பறையை விட்டு மெல்ல வெளியேறத் தொடங்கின. ஆனால் அவை வெளியேறிய அதே வாயில் வழியாக வேறொரு கூட்டம் உள்ளே நுழைந்திருக்கிறது. வாழ்த்தைப் போல ஒலிக்கும் சொற்கள் அவை. “இவன் கண்ணால் கற்பவன், இவள் காதால் கற்பவள், அவன் ஏட்டால் கற்பவன், அதோ, கடைசி வரிசையில் இருக்கிறானே, அவன் கையால் கற்பவன்!”

கேட்க இனிக்கிறது! எவரையும் மக்கு என்று பழிக்கவில்லை. எல்லோருக்கும் அறிவு உண்டு, வழிதான் வேறு வேறு என்கிறது. சமத்துவம் பேசும் நமக்கு இதைவிட இனிய செய்தி வேறென்ன வேண்டும் என்றே நாமும் எண்ணினோம். எண்ணி ஏமாந்தோம். நாம் மட்டும் ஏமாந்திருந்தால் இக்கட்டுரைக்குத் தேவை இல்லை. ஒரு சிறுவனையும் ஏமாற்றினோம், ஆகவே எழுதுகிறோம்.

நாம் ஆசிரியப் பணிக்கு வந்து மூன்று ஆண்டுகள் ஆகின்றன. புதுக்கோட்டை மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் ஆறாம் வகுப்பு. வானம் பார்த்து நிலக்கடலை விதைக்கும் ஊர். பெற்றோரில் பலர் கல் குவாரியிலும் கட்டட வேலையிலும் கை தேய உழைப்பவர்கள். சிலர் கடை வைத்திருப்பவர்கள். இரண்டொருவர் அலுவலகம் செல்பவர்கள்.

முதல் ஆண்டிலேயே ஒரு பயிற்சி முகாமுக்குச் சென்றோம். அங்கே ஒரு வினாத்தாளைத் தந்தார்கள். “புதிய ஊருக்குப் போக வேண்டுமானால் வரைபடம் வேண்டுமா, யாரேனும் வாயால் வழி சொன்னால் போதுமா?” “ஓய்வு நேரத்தில் புத்தகம் படிப்பாயா, பாட்டுக் கேட்பாயா, எதையேனும் செய்துகொண்டிருப்பாயா?” இப்படிப் பல வினாக்கள். விடைகளைக் கூட்டிப் பார்த்தால் பிள்ளையின் ‘கற்றல் பாணி’ தெரிந்துவிடுமாம். தெரிந்தபின் அந்தப் பாணிக்கு ஏற்பக் கற்பித்தால் கல்வி தானே கனியுமாம்.

ஆர்வம் பொங்க ஊர் திரும்பினோம். வகுப்பில் இருந்த 34 பிள்ளைகளுக்கும் வினாத்தாள் கொடுத்தோம். விடைகளைக் கூட்டினோம். பெரிய அட்டையில் நான்கு தலைப்பிட்டுப் பெயர்களை எழுதிச் சுவரில் ஒட்டினோம். அறிவியல் முறைப்படி கற்பிக்கும் ஆசிரியர் என்ற பெருமிதம் நமக்கு!

வகுப்பில் கல் உடைக்கும் தொழிலாளியின் மகன் ஒருவன் இருந்தான். களிமண் கிடைத்தால் யானை செய்வான். கம்பி கிடைத்தால் வண்டி செய்வான். எழுத்துக் கூட்டிப் படிக்க மட்டும் திணறுவான். ‘கையால் கற்பவன்’ என்று அவன் பெயரை எழுதினோம். அன்று முதல் அவனுக்கு அட்டையும் பசையும் கத்தரிக்கோலும். மற்றவர்கள் உரைநடைப் பாடத்தைப் படிக்கையில், அவன் பாடத்தில் வரும் கோட்டையை அட்டையில் எழுப்புவான். அழகாக எழுப்புவான். நாம் பாராட்டுவோம், அவன் மகிழ்வான், அவன் மகிழ்வது கண்டு நாமும் மகிழ்வோம். ஒரு பருவம் முழுதும் அந்த மகிழ்ச்சி நீடித்தது.

பருவ முடிவில் ஒருநாள் அவனை எழுப்பி, நான்கு வரி படிக்கச் சொன்னோம். அவன் அஞ்சவில்லை, தலை குனியவும் இல்லை. நிமிர்ந்து நின்று சொன்னான்: “நான் கையால கத்துக்கிறவன் சார். எனக்குப் படிக்க வராது.”

மக்கு என்று ஏசியிருந்தால், ஒருவேளை அவன் கொதித்திருப்பான். படித்துக் காட்டுகிறேன் பார் என்று வீம்புக்கேனும் ஏட்டை எடுத்திருப்பான். நாம் சூட்டியதோ பட்டம்! பட்டத்தை யார் மறுப்பார்?

அன்று மாலை, பிள்ளைகள் போன பிறகு, அந்தப் பட்டியலின் முன் நெடுநேரம் நின்றோம். ‘ஏட்டால் கற்பவர்’ என்ற தலைப்பின் கீழ் ஐந்து பெயர்கள். எழுத்தர் மகள், கடைக்காரர் மகன், இப்படி வீட்டில் ஒரு செய்தித்தாளாவது கிடக்கும் பிள்ளைகள். ‘கையால் கற்பவர்’ என்ற தலைப்பின் கீழ் பதினான்கு பெயர்கள். பதினான்கும் கையால் உழைத்துப் பிழைக்கும் வீட்டுப் பிள்ளைகள். பள்ளிப் பதிவேட்டைப் புரட்டிச் சாதி பார்க்க வேண்டிய தேவையே இல்லை. பட்டியலே சாதி பார்த்திருந்தது!

எப்படி நேர்ந்தது இது? வினாத்தாள், “ஓய்வில் புத்தகம் படிப்பாயா?” என்று கேட்டது. வீட்டில் ஒரு புத்தகமும் இல்லாத பிள்ளை என்ன விடை தரும்? அவனுடைய இல்லாமையை அவனுடைய விருப்பம் என்று தாள் எழுதிக்கொண்டது. வறுமைக்கு வகை என்று நாம் பெயர் வைத்தோம்.

தோழர்களே! குற்றம் நம் கையில் மட்டுந்தானா, கொள்கையிலும் உண்டா என்று பார்க்க வேண்டும் அல்லவா? பார்த்தோம்.

பார்த்தல், கேட்டல், படித்து எழுதுதல், செய்தல் என்று நான்காகப் பிரிக்கும் முறையை 1987இல் வகுத்தவர் நியூசிலாந்து நாட்டின் நீல் பிளெமிங். இதுபோல் கற்போரை வகை பிரிக்கும் திட்டங்கள் எத்தனை உள்ளன என்று இங்கிலாந்தில் பிராங்க் காபீல்டு குழுவினர் 2004இல் எண்ணிப் பார்த்தனர். எழுபத்தொன்று! ஒரே பிள்ளையை 71 திட்டங்கள் 71 விதமாகக் கூறு போடுகின்றன. இவற்றுள் எந்தக் கூறு அந்தப் பிள்ளை?

2008இல் ஹெரால்டு பாஷ்லர் முதலான நான்கு அமெரிக்க உளவியல் அறிஞர்கள் நேர்மையான ஒரு கேள்வியைக் கேட்டனர். கண்ணால் கற்பவர் என்போரையும் காதால் கற்பவர் என்போரையும் அழைத்து, இரு சாராரிலும் பாதிப்பேருக்குப் படம் காட்டியும் பாதிப்பேருக்குச் சொல்லியும் ஒரே பாடத்தைக் கற்பியுங்கள். பிறகு எல்லோருக்கும் ஒரே தேர்வு வையுங்கள். கண்ணாளர் படத்தாலும் காதாளர் சொல்லாலும் மேம்பட்டால், கொள்கை மெய். இப்படிச் சோதித்தவர் யார் என்று தேடினர். இம்முறையில் நடந்த ஆய்வுகள் மிகச் சிலவே கிடைத்தன. அவற்றுள்ளும் பல, கொள்கைக்கு எதிராகவே சான்று கூறின. பாணி பார்த்துக் கற்பிப்பதற்குப் போதிய சான்று இல்லை என்று அவர்கள் எழுதினர்.

சான்று இல்லை, நம்பிக்கையோ ஏராளம்! 2012இல் வெளிவந்த ஓர் ஆய்வில், இங்கிலாந்திலும் நெதர்லாந்திலும் கேட்கப்பட்ட ஆசிரியர்களில் பத்தில் ஒன்பது பேருக்கு மேல் இக்கொள்கையை உண்மை என்றே நம்பினர். பலர் நம்புவதால் பொய் மெய்யாகுமா? ஆகுமென்றால் பேயும் பில்லி சூனியமும் என்றோ மெய்யாகியிருக்கும் அன்றோ!

இன்னொன்றையும் இங்கே சொல்ல வேண்டும். விருப்பம் வேறு, பயன் வேறு. 2006இல் ரோடிகர், கார்ப்பிக்கி என்ற இரு அறிஞர்கள் மாணவர்களை இரு கூறாக்கினர். ஒரு கூறு பாடத்தைத் திரும்பத் திரும்பப் படித்தது. மறு கூறு ஏட்டை மூடிவைத்து, நினைவிலிருந்து எழுதிப் பார்த்தது. ஐந்து நிமிடம் கழித்துச் சோதித்தால் திரும்பப் படித்தவரே முந்தினர். ஒரு கிழமை கழித்துச் சோதித்தபோது, நினைந்து எழுதியவர் முந்தினர். படித்துக்கொண்டே இருப்பது சுகமாக இருக்கிறது. நினைந்து எழுதுவது நெற்றி வியர்க்கச் செய்கிறது. எது உனக்குப் பிடிக்கும் என்று கேட்டால் சுகத்தையே சொல்வோம். வினாத்தாள்கள் கேட்பதும் அதைத்தானே!

மேல்நாட்டார் மட்டுந்தான் மாணவரை வகை பிரித்தனர் என்று எண்ண வேண்டாம். பதின்மூன்றாம் நூற்றாண்டில் பவணந்தியார் இயற்றிய நன்னூல் அதை முன்பே செய்தது. பாலையும் நீரையும் பிரிக்கும் அன்னமும், மேய்ந்தபின் அசைபோடும் பசுவும் முதல் மாணாக்கருக்கு உவமை. உழைத்த அளவே விளையும் நிலமும், சொன்னதையே சொல்லும் கிளியும் இடை மாணாக்கருக்கு. ஓட்டைக் குடம், செடிக்குச் செடி தாவும் ஆடு, குளத்தைக் கலக்கிக் குடிக்கும் எருமை, நெய்யை விட்டுக் கசடைப் பிடிக்கும் நெய்யரி ஆகியன கடை மாணாக்கருக்கு. உவமையின் சுவையை ரசிப்போம். தீர்ப்பை மட்டும் கேள்வி கேட்போம். எருமை என்று எழுதப்பட்டவன் பசு ஆவதற்கு வழி உண்டா?

ஆனால் நன்னூலார் ஒன்றில் நம் பயிற்சி முகாமை விட நேர்மையானவர். மாணாக்கரை எடை போடும் முன்பே ஆசிரியரை எடை போட்டார். கழற்காய் பெய்த குடம்போல், வரிசை தப்பிக் கொட்டுபவன். மடல் சூழ்ந்த பனைபோல், அணுகவிடாதவன். பஞ்சடைத்த குண்டிகைபோல், கொள்வதும் கொடுப்பதும் அரிதானவன். வளைந்த தென்னைபோல், நீர் வார்த்தவன் ஒருவனாக இருக்க வேறொருவன் முற்றத்தில் காய் உதிர்ப்பவன். இவர்கள் ஆசிரியர் ஆகார் என்றார். நமக்குத் தந்த வினாத்தாளில் ஆசிரியரை எடை போடும் வினா ஒன்றுகூட இல்லை! பிள்ளை கற்கவில்லையென்றால் அவன் பாணி வேறு. நம் பணியில் பழுது இல்லை. ஆசிரியனுக்கு இதைவிட வசதியான தலையணை உண்டா?

இங்கேதான் அறக்கேள்வி எழுகிறது. பொய்யான ஒரு கொள்கை வகுப்பறையில் இருந்துவிட்டுப் போகட்டுமே, அதனால் என்ன கேடு என்று சிலர் கேட்கின்றனர். கேடு இருக்கிறது. இந்த நாட்டில் ஒரு பிள்ளையைப் பார்த்து, “நீ கைக்காரன்” என்று சொல்வது வெறுஞ்சொல் ஆகாது. அந்தச் சொல்லுக்கு முன்னே நெடிய வரலாறு நிற்கிறது.

1953ஆம் ஆண்டை நினைத்துப் பாருங்கள். சென்னை மாநில முதலமைச்சராயிருந்த இராசகோபாலாச்சாரியார், தொடக்கக் கல்வித் திட்டம் ஒன்றைக் கொண்டு வந்தார். நாட்டுப்புறப் பள்ளிகளில் நாளொன்றுக்கு மூன்று மணி நேரம் பாடம். மிச்ச நேரத்தில் பிள்ளைகள் வீட்டுத் தொழிலைக் கற்கலாம். தச்சன் மகன் தச்சு, குயவன் மகன் குடம்! தொழிலைப் போற்றுகிறோம், செய்து கற்பதே சிறந்த கல்வி என்று அழகான சொற்கள் அன்றும் கிடைத்தன. குலக்கல்வி என்று அதற்கு உண்மைப் பெயர் சூட்டி நாடு எதிர்த்தது. பெரியாரும், திராவிட முன்னேற்றக் கழகத்தாரும் போராடினர். 1954இல் காமராசர் ஆட்சி அத்திட்டத்தைக் கைவிட்டது.

வினாத்தாள் வகுத்தவர் உள்ளத்தில் குலக்கல்வி இருந்தது என்று நாம் சொல்லவில்லை. அப்படிச் சொன்னால் பொய். கேட்டவருக்குக் கெட்ட எண்ணம் இல்லை; ஒட்டிய நமக்கும் இல்லை. எண்ணம் நல்லதாயிருந்தும், சாதிச் சமூகத்தின் சுவரில் ஒட்டியதும் அந்தப் பட்டியல் தனக்குத் தெரிந்த பள்ளத்தில் பாய்ந்தது. கல் உடைப்பவன் மகன் கைக்குப் போனான். எழுத்தர் மகள் ஏட்டுக்குப் போனாள். 1953இல் சட்டம் போட்டுச் செய்ய முயன்றதை, நம் வகுப்பறையில் ஓர் அட்டையும் பசையும் செய்து முடித்தன!

இனி, நம் மாவட்டம் தந்த விடையைப் பார்ப்போம்.

1886இல் புதுக்கோட்டையில் பிறந்த முத்துலட்சுமி, இங்கே ஆடவர் படித்த மன்னர் கல்லூரியில் சேர வந்தபோது எதிர்ப்பு எழுந்தது. பெண் என்ற முத்திரை அன்று போதுமான காரணமாயிருந்தது. அவர் சேர்ந்தார், படித்தார், 1912இல் மருத்துவரானார். ஒருவர் தப்பினார், ஊர் ஊராக எத்தனையோ பெண்கள் முத்திரையோடு வாழ்ந்து முடித்தனர்.

1990களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கம் வந்தது. மாவட்ட ஆட்சியர் ஷீலா ராணி சுங்கத் முன்னின்றார். தொண்டர்கள் மாலை வேளைகளில் தெருவிளக்கின் அடியிலும் திண்ணையிலும் வகுப்பெடுத்தனர். வந்தவர்கள் யார்? களை எடுப்பவர், கல் உடைப்பவர், பிள்ளை பெற்று வளர்த்தவர். படிப்பு ஏறாது என்று ஊரே தீர்ப்பளித்த பெண்கள். அவர்கள் எழுத்துகளைக் கண்ணால் கற்றனர். பாட்டைக் காதால் கற்றனர். வீதி நாடகத்தைக் கண்டும் கேட்டும் கற்றனர். பிறகு சைக்கிள் கற்றனர்! சைக்கிளைச் சொற்பொழிவால் கற்க முடியுமா? விழுந்தும் எழுந்தும் உடலால் கற்றனர். ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட நாட்டுப்புறப் பெண்கள் சைக்கிள் கற்றதைப் பத்திரிகையாளர் பி. சாய்நாத் எழுதியிருக்கிறார். 1992ஆம் ஆண்டு மகளிர் நாளன்று, 1,500க்கு மேற்பட்ட பெண்கள் கொடி பறக்க, மணி ஒலிக்கப் புதுக்கோட்டைத் தெருக்களில் சைக்கிளில் வந்தனர்.

நீ கண்ணால் கற்பவளா, கையால் கற்பவளா என்று கேட்டு, சைக்கிள் கற்பவளுக்கு எழுத்து வேண்டாம் என்று சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஒரே பெண் மூன்றையும் கற்றாள். எழுத்து கண்ணைக் கேட்டது. பாட்டு செவியைக் கேட்டது. சைக்கிள் உடலைக் கேட்டது. கற்கும் வழியை முடிவு செய்தது கற்க வேண்டிய பொருள்!

குடுமியான்மலைக்குச் சென்றவர்கள் அங்கே பாறையில் வெட்டிய இசைக் கல்வெட்டைப் பார்த்திருப்பர். காதுக்கு உரிய இசையைக் கண்ணுக்குத் தெரியும் சுரக் குறிப்புகளாக, மாணவர் பயன்பெற வெட்டியிருக்கின்றனர். எந்தச் சாதி மாணவருக்கு அந்தப் பாறையருகே இடம் கிடைத்தது என்று கேட்போம், கேட்கத்தான் வேண்டும். ஆனால் கற்பித்தல் முறையை அது சரியாகவே சொல்கிறது. இசை மாணவன் பாடுவதைக் கேட்கவும் வேண்டும், குறிப்பைப் பார்க்கவும் வேண்டும், தானே பாடவும் வேண்டும். ஒன்று மட்டும் போதும் என்று எந்த இசையாசிரியரும் சொல்லமாட்டார்.

“அப்படியானால் பிள்ளைகளிடையே வேற்றுமையே இல்லையா?” என்று தோழர் ஒருவர் கேட்பது காதில் விழுகிறது. உண்டு. நிறைய உண்டு. கண் தெரியாத பிள்ளைக்குப் பிரெய்ல் எழுத்து வேண்டும். காது கேளாத பிள்ளைக்குச் சைகை மொழி வேண்டும். எழுத்துகள் குழம்பித் தெரியும் பிள்ளைக்குத் தனிப் பயிற்சி வேண்டும். இவை அவர்களது உரிமை. பாணி என்று சொல்லிக் கழிக்கக்கூடியவை அல்ல. முன்பே அறிந்ததிலும் பிள்ளைகள் வேறுபடுவர். அதை அறிந்து கற்பிப்பதே ஆசிரியன் கடமை. 2022இல் தமிழக அரசு தொடக்கப் பள்ளிகளில் தொடங்கிய ‘எண்ணும் எழுத்தும்’ திட்டம், பிள்ளைகளின் கற்றல் நிலையை அரும்பு, மொட்டு, மலர் என்று பெயரிட்டது. பெயரைக் கவனியுங்கள். அரும்பு அரும்பாகவே இருப்பதில்லை, மொட்டாகும், மலரும். பிள்ளை இன்று எங்கே நிற்கிறான் என்று சொல்லும் பெயர் அது. ‘கையால் கற்பவன்’ என்பதோ அவன் என்றும் யார் என்று சொல்கிறது. முன்னது ஏணிப்படி, பின்னது கால்விலங்கு. அரும்பையும் ஆண்டுக் கணக்கில் அரும்பென்றே எழுதி வைத்தால், அதுவும் விலங்காகும் என்பதை ஆசிரியர்களாகிய நாம் மறக்கலாகாது.

ஆகவே நம் முடிவு இது: முத்திரையைப் பிள்ளைக்குக் குத்தாதீர், முறையைப் பாடத்துக்குத் தேடுங்கள். பின்னம் கற்பிக்கக் கொய்யாப்பழத்தை வெட்டுங்கள், எல்லோருக்கும் வெட்டுங்கள். வரலாறு கற்பிக்க வரைபடம் விரியுங்கள், எல்லோருக்கும் விரியுங்கள். செய்யுளைப் பாடிக் காட்டுங்கள்; பிறகு எல்லோரையும் படிக்கச் செய்யுங்கள், எழுதச் செய்யுங்கள், ஏட்டை மூடி நினைந்து சொல்லச் செய்யுங்கள். அட்டைக் கோட்டை கட்டும் கையை எழுத்தர் மகளுக்கும் கொடுங்கள்; ஏட்டைக் கல் உடைப்பவன் மகனுக்கும் கொடுங்கள்.

நன்னூலார் இதிலும் நமக்குத் துணை வருகிறார். ஆசிரியன் சொல்வதை நன்றாகக் கேட்டாலும் கால்பங்கு அறிவே கிட்டும். உடன் பயில்வோரோடு பழகினால் இன்னொரு கால். பிறருக்கு எடுத்துரைக்கும்போதே மிச்சம் பாதியும் நிரம்பும் என்கிறார். இது எல்லா மாணாக்கருக்கும் சொன்னது. நம் இயக்கத்துப் படிப்பகங்களை எண்ணிப் பாருங்கள். ஒருவர் செய்தித்தாளை உரக்கப் படிக்க, எழுத்தறியாதோர் சுற்றி அமர்ந்து கேட்டனர். அவர்களைக் காதால் கற்பவர் என்று எழுதி அங்கேயே உட்கார வைத்திருந்தால் இயக்கம் வளர்ந்திருக்குமா? கேட்டவர் கேள்வி கேட்டார். கேள்வி கேட்டவர் எழுத்துக் கூட்டினார். எழுத்துக் கூட்டியவர் மேடை ஏறினார்!

மாலை வேளைகளில் தெருப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் இளைஞர்கள் நம்மிடையே பலர் உண்டு. அவர்களுக்கு ஒரு வேண்டுகோள். வருகிற பிள்ளை எந்த வகை என்று கேட்காதீர். அவனுக்கு எது தெரியும், அடுத்து எது தெரிய வேண்டும் என்று கேளுங்கள். திணறுகிற இடத்தில் விட்டுவிடாதீர். அங்கேதான் உட்கார வேண்டும்.

சுவரிலிருந்த அந்தப் பட்டியலைக் கிழித்துவிட்டோம். அந்தச் சிறுவனோடு நாள்தோறும் பள்ளி முடிந்து அரைமணி நேரம் அமர்ந்து எழுத்துக் கூட்டினோம். முதல் சில நாட்கள், “எனக்கு வராது சார்” என்பதையே திரும்பத் திரும்பச் சொன்னான். நாம் கற்பித்த பாடம், மறக்கடிக்க நாளாயிற்று. இப்போது அவன் எட்டாம் வகுப்பில் இருக்கிறான். மெல்லப் படிக்கிறான், தடுமாறினாலும் நிறுத்துவதில்லை. சென்ற கிழமை, தன் தந்தைக்கு வந்த கடிதம் ஒன்றைத் தானே படித்துச் சொன்னதாக வந்து கூறினான். யானையும் செய்கிறான், முன்னினும் அழகாக.

ஆயினும், நம் அறியாமையால் அவன் இழந்த ஒரு பருவம் இழந்ததுதான். அந்தக் கணக்கை எந்தப் பதிவேட்டிலும் எழுதி நேர் செய்ய முடியவில்லை. வேறெந்த வகுப்பறையிலும் அந்தக் கணக்கு தொடங்காதிருக்கவே, வெட்கத்தை விட்டு இதை எழுதினோம்.